மனுவில் தேதி முத்திரை இருக்கிறதா? அரசுப் பணியாளர் குறைகளில் நீதிமன்றம் பார்ப்பது என்ன

"எத்தனை மனு கொடுத்தீங்க பெரியப்பா?"

"அது இருக்கும் ஏழெட்டு."

"வாங்கிக்கிட்டதுக்கு சீல் போட்டுக் கொடுத்தாங்களா?"

"நாம வேலை பார்த்த ஆபீஸ்தானே கண்ணு. அங்க போய் சீல் கேக்கிறதா?"

என் பெரியப்பா ஓர் அரசு அலுவலகத்தில் இரவுக் காவலராக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வூதியக் கணக்குப் போடும்போது, அவருக்கு வர வேண்டிய ஓர் ஊதிய உயர்வு விடுபட்டுப் போனது. மாதம் சில நூறு ரூபாய்தான் வித்தியாசம். ஆனால் ஓய்வூதியத்தை நம்பியே குடும்பம் நடத்துகிறவருக்கு அது ஒரு மாத மருந்துச் செலவு. மனு மேல் மனு கொடுத்தார். பதில் வரவில்லை. ஒன்பது ஆண்டு கழித்துத்தான் வழக்கறிஞரிடம் போனார். அந்த வழக்கறிஞர் கேட்ட முதல் கேள்வியைத்தான் நானும் மேலே கேட்டிருக்கிறேன்.

பெரியப்பாவுக்கு என்ன ஆனது என்பதைக் கடைசியில் சொல்கிறேன். அதற்கு முன் ஒரு விஷயம். அரசு வேலையிலோ, அரசு நிறுவன வேலையிலோ இருக்கும் பலர் "கோர்ட்டுக்குப் போனா நியாயம் கிடைச்சிடும்" என்று நினைக்கிறார்கள். கிடைக்கும், மறுப்பதற்கில்லை. ஆனால் உங்கள் குறையை நீதிமன்றம் முதலிலிருந்து விசாரித்து முடிவு சொல்வது அரிது. அந்தக் குறையை உங்கள் அலுவலகம் எப்படிக் கையாண்டது என்பதைத்தான் அது பார்க்கும். அதைக் காட்டுவதற்கு உங்கள் கையில் காகிதம் இருக்க வேண்டும். காலமும் கடந்திருக்கக் கூடாது.

யார், எந்தக் கதவைத் தட்டுவது?

எல்லோருக்கும் ஒரே வழி இல்லை. நீங்கள் எங்கே வேலை பார்க்கிறீர்கள் என்பதைப் பொறுத்து வழி மாறும்.

மாநில அரசு ஊழியர், ஆசிரியர்: துறைக்குள் இருக்கும் மேல்முறையீட்டை முடித்துவிட்டு, அரசியலமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். தென் மாவட்டத்தினருக்கு மதுரைக் கிளை இருக்கிறது. ஒரு காலத்தில் இவர்களுக்கென்று தனியாக மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது. இப்போது அது செயல்பாட்டில் இல்லை.

மத்திய அரசு ஊழியர்: முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் போக வேண்டும். அதற்குச் சென்னையில் அமர்வு உண்டு. தீர்ப்பாயத்தின் உத்தரவில் திருப்தி இல்லையென்றால் உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வுக்குப் போகலாம் என்று 1997-ல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது.

போக்குவரத்துக் கழகம் போன்ற அரசு நிறுவனங்களின் தொழிலாளர்: பணிநீக்கம் போன்ற பிரச்சினைகளுக்குத் தொழிலாளர் துறையின் சமரச அலுவலர், அதன் பிறகு தொழிலாளர் நீதிமன்றம் என்பதுதான் வழக்கமான பாதை. நேராக உயர் நீதிமன்றம் போனால் "இருக்கிற வழியை ஏன் விட்டுவிட்டு வந்தீர்கள்?" என்ற கேள்வி வரும்.

நீதிமன்றம் இன்னொரு மேலதிகாரி அல்ல

இதைப் புரிந்துகொண்டால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும். துறை நடவடிக்கை வழக்குகளில் நீதிமன்றத்தின் வேலை என்ன என்பதை 1995-ல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது. இது மேல்முறையீடு அல்ல, முடிவு எடுக்கப்பட்ட விதத்தைச் சரிபார்ப்பது என்பதுதான் அதன் சாரம்.

அதாவது, "இவர் தப்பு செய்தாரா?" என்று நீதிபதி சாட்சிகளை மறுபடி எடைபோட உட்கார மாட்டார். அவர் பார்ப்பது இவற்றைத்தான்:

• உத்தரவு போட்ட அதிகாரிக்கு அந்த அதிகாரம் இருந்ததா?
• பாதிக்கப்படுபவருக்கு முன்கூட்டியே சொல்லி, விளக்கம் கேட்டார்களா?
• ஏதாவது ஓர் ஆதாரமாவது இருக்கிறதா, இல்லை வெறும் ஊகமா?
• உத்தரவில் காரணம் எழுதியிருக்கிறதா?
• அதே நிலையில் இருக்கும் மற்றவர்களை வேறு மாதிரி நடத்தினார்களா?
• தண்டனை அதிர்ச்சி தரும் அளவுக்கு அதிகமா?

இந்தக் கேள்விகளில் எதிலாவது அலுவலகம் தடுக்கி விழுந்தால், உத்தரவு ரத்தாகலாம். அப்போதும் பெரும்பாலும் "முறைப்படி மறுபடி செய்யுங்கள்" என்றுதான் கோப்பு துறைக்குத் திரும்பும்.

தெரிந்து வைத்துக்கொள்ள வேண்டிய ஐந்து தீர்ப்புகள்

காரணம் உத்தரவிலேயே இருக்க வேண்டும். 1977-ல் தேர்தல் ஆணையம் தொடர்பான வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு இது. ஓர் அதிகாரி உத்தரவு போடும்போது என்ன காரணம் எழுதினாரோ, அதை வைத்துத்தான் அந்த உத்தரவு நிற்க வேண்டும். வழக்கு வந்த பிறகு பதில் மனுவில் புதிதாகக் காரணம் சேர்க்க முடியாது. தேர்தல் வழக்கில் பிறந்த இந்த விதி இன்று பணியாளர் வழக்குகளில் அன்றாடம் பயன்படுகிறது. "தங்கள் கோரிக்கை ஏற்கத்தக்கதல்ல" என்று ஒரே வரியில் வரும் பதில் நீதிமன்றத்தில் நிற்காமல் போவதற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

விசாரணை அறிக்கையின் நகல் உங்களுக்கு வர வேண்டும். ஹைதராபாத்தைச் சேர்ந்த பொதுத்துறை நிறுவனமான எலெக்ட்ரானிக்ஸ் கார்ப்பரேஷன் தொடர்பான வழக்கில், 1993-ல் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை உறுதி செய்தது. விசாரணை அதிகாரி வேறொருவராக இருந்தால், அவர் தந்த அறிக்கையைப் பணியாளருக்குக் கொடுத்து, அதன் மேல் அவர் கருத்தைக் கேட்ட பிறகே குற்றம் பற்றி முடிவெடுக்க வேண்டும். ஆனால் நகல் தரவில்லை என்பதாலேயே தண்டனை தானாக ரத்தாகாது. அதனால் உங்களுக்கு என்ன பாதிப்பு என்பதையும் காட்ட வேண்டும்.

ஆண்டு மதிப்பீட்டு அறிக்கையை மறைக்கக் கூடாது. 2008-ல் வந்த தீர்ப்பு, பிறகு 2013-ல் மூன்று நீதிபதிகள் அமர்வால் உறுதி செய்யப்பட்டது. உங்களைப் பற்றி எழுதப்படும் ஒவ்வொரு மதிப்பீடும் உங்களுக்குத் தெரிவிக்கப்பட வேண்டும். "மோசம்" மட்டுமல்ல, "நன்று" என்பதையும் சொல்ல வேண்டும். பதவி உயர்வுக்கு "மிக நன்று" தேவைப்படும் இடத்தில் "நன்று" கூடத் தடையாகிவிடுமே!

கூடுதலாகக் கொடுத்த சம்பளத்தை எப்போதும் பிடித்துவிட முடியாது. தணிக்கையில் தவறு தெரிந்து, "இத்தனை ஆண்டு அதிகமாக வாங்கிவிட்டீர்கள், திருப்பிக் கட்டுங்கள்" என்று கடிதம் வந்தால் பலர் இடிந்துபோகிறார்கள். பஞ்சாப் மாநில அரசு தொடர்பான வழக்கில் 2014 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சில எல்லைகள் வகுத்தது. தவறு பணியாளர் பக்கம் இல்லாதபோது, சி, டி பிரிவுப் பணியாளரிடமோ, ஓய்வு பெற்றவரிடமோ, ஓராண்டுக்குள் ஓய்வு பெறப் போகிறவரிடமோ அந்தத் தொகையைப் பிடிக்கக் கூடாது. ஐந்து ஆண்டுக்கு மேல் தொடர்ந்து தரப்பட்ட கூடுதல் தொகைக்கும் இது பொருந்தும்.

இடைநீக்கம் முடிவில்லாமல் நீளக் கூடாது. மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை தரப்படாவிட்டால் இடைநீக்கத்தை அதற்கு மேல் நீட்டிக்கக் கூடாது, தந்திருந்தால் நீட்டிப்புக்குக் காரணம் எழுத வேண்டும் என்று 2015-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் இதை வைத்து 91-வது நாள் தானாக வேலைக்குத் திரும்பிவிடலாம் என்று நினைக்க வேண்டாம். குற்றச்சாட்டின் தன்மையைப் பொறுத்து நீதிமன்றங்கள் முடிவெடுக்கின்றன.

"பரிசீலிக்கவும்" என்ற உத்தரவு: வெற்றியா, கண்ணாமூச்சியா?

பணியாளர் வழக்குகளில் அடிக்கடி வரும் உத்தரவு இது: "மனுதாரரின் கோரிக்கை மனுவை இத்தனை வாரத்துக்குள் சட்டப்படி பரிசீலித்து உத்தரவு பிறப்பிக்கவும்." வழக்கு ஜெயித்துவிட்டது என்று இனிப்பு வாங்கிக் கொடுத்தவர்களும் உண்டு. சற்றுப் பொறுங்கள். இதில் உங்கள் கோரிக்கை சரி என்று நீதிமன்றம் எங்கும் சொல்லவில்லை. "பதில் சொல்லுங்கள்" என்றுதான் சொல்லியிருக்கிறது. "முடியாது" என்பதும் ஒரு பதில்தான்.

துறை அப்படி நிராகரித்தால், நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போட்டு நிராகரிப்பு தவறு என்று வாதாட முடியாது. அந்த நிராகரிப்பு உத்தரவை எதிர்த்துப் புதிதாக வழக்குத் தொடர வேண்டும். சொன்ன காலத்துக்குள் எந்தப் பதிலுமே வராவிட்டால்தான் அவமதிப்பு மனுவுக்கு இடம் உண்டு. அதையும் ஓராண்டுக்குள் செய்ய வேண்டும்.

இன்னொரு சிக்கலும் இருக்கிறது. அது நம் மாநில வழக்கிலேயே பேசப்பட்டது. புவியியல் மற்றும் சுரங்கத் துறையில் பணிபுரிந்த ஒருவருக்கு 1982-ல் வேலை முடிவுக்கு வந்தது. சுமார் 18 ஆண்டு கழித்து, 2000-ல் அவர் கோரிக்கை மனு கொடுத்தார். தீர்ப்பாயம் "பரிசீலிக்கவும்" என்றது. துறை பரிசீலித்து நிராகரித்தது. அந்த நிராகரிப்பை எதிர்த்து வழக்கு வளர்ந்து, 2008-ல் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. காலாவதியான கோரிக்கைக்கு இப்போது பதில் வந்துவிட்டது என்பதால் மட்டும் அது உயிர் பெற்றுவிடாது என்றது உச்ச நீதிமன்றம். அவருக்கு நிவாரணம் கிடைக்கவில்லை.

"புதுசா ஒரு மனு கொடுத்து, பதில் வாங்கி, அதை வெச்சு கேஸ் போட்டுக்கலாம்" என்று யாராவது யோசனை சொன்னால் இந்த வழக்கை நினைத்துக்கொள்ளுங்கள்.

மனு கொடுத்துக்கொண்டே இருந்தால் காலம் நிற்காது

சட்டத்தில் இடமில்லாத மனுக்களைத் திரும்பத் திரும்பக் கொடுப்பதால் வழக்குத் தொடரும் கால வரம்பு நீளாது. இதை 1989-லேயே ஏழு நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது.

மத்திய அரசு ஊழியர்களுக்குக் கணக்கு தெளிவு. துறையின் இறுதி உத்தரவு வந்தால் அதிலிருந்து ஓராண்டுக்குள் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். விதிப்படி கொடுத்த மேல்முறையீட்டுக்கு ஆறு மாதம் ஆகியும் பதில் இல்லையென்றால், அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்து ஓராண்டு. தாமதத்துக்குத் தக்க காரணம் இருந்தால் தீர்ப்பாயம் மன்னிக்கலாம்.

226-வது பிரிவின் கீழ் வரும் ரிட் மனுவுக்கு இத்தனை நாள் என்று சட்டத்தில் வரையறை இல்லை. அதனால் சும்மா இருந்துவிடலாம் என்று அர்த்தமில்லை. பணிமூப்பு, பதவி உயர்வு போன்றவற்றில் தாமதம் மன்னிக்கப்படுவது கடினம். ஏனென்றால் இதற்குள் வேறு பலர் அந்த இடத்துக்கு வந்திருப்பார்கள்.

சம்பளம், ஓய்வூதியம் தவறாகக் கணக்கிடப்பட்ட விஷயத்தில் ஒரு சலுகை உண்டு. ஒவ்வொரு மாதமும் குறைவாகத் தரும்போது ஒவ்வொரு மாதமும் புதிதாக ஒரு தவறு நடக்கிறது. எனவே தாமதமாக வந்தாலும் வழக்கைக் கேட்பார்கள். ஆனால் 2008-ல் ஒரு ராணுவ ஓய்வூதிய வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, நிலுவைத் தொகை பொதுவாக வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுக்குத்தான் கிடைக்கும்.

பணியிடப் பாலியல் துன்புறுத்தல்: காலக்கெடு இன்னும் குறைவு

1997-ல் விசாகா வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறிமுறைகள், 2013-ல் தனிச் சட்டமாகின. பத்துப் பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் ஒவ்வோர் அலுவலகத்திலும் உள்ளகப் புகார்க் குழு இருக்க வேண்டும். சம்பவம் நடந்து மூன்று மாதத்துக்குள் எழுத்துப்பூர்வமாகப் புகார் தர வேண்டும். தக்க காரணம் இருந்தால் குழு இன்னும் மூன்று மாதம் வரை அவகாசம் தரலாம். விசாரணையை 90 நாளில் முடிக்க வேண்டும். குழுவின் பரிந்துரை மேல் நிர்வாகம் 60 நாளில் நடவடிக்கை எடுக்க வேண்டும்.

இந்தச் சட்டம் எந்த அளவுக்கு நடைமுறையில் இருக்கிறது என்று 2023 மே மாதம் கோவா பல்கலைக்கழகம் தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் கேட்டது. அரசுத் துறைகள், பொதுத்துறை நிறுவனங்கள் எல்லாவற்றிலும் குழு அமைக்கப்பட்டிருக்கிறதா என்று சரிபார்க்கவும், உறுப்பினர் விவரங்களை இணையதளத்தில் போடவும் உத்தரவிட்டது. அதே வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர் மீதான விசாரணை அவசர அவசரமாக நடந்தது என்று கூறி, அதை முறைப்படி மீண்டும் தொடரச் சொன்னது. புகார் கொடுத்தவர், புகாருக்கு ஆளானவர் இருவருக்குமே முறையான விசாரணை என்பது உரிமை. விசாரணையை ஏனோதானோ என்று நடத்தினால், கடைசியில் அலைச்சல் புகார் கொடுத்தவருக்கும் சேர்த்துத்தான்.

உங்கள் அலுவலகக் குழுவில் யார் யார் இருக்கிறார்கள் என்று இன்றைக்கே பாருங்கள். மத்திய அரசின் ஷி-பாக்ஸ் இணையதளம் வழியாகவும் புகாரைப் பதிவு செய்யலாம்.

கையில் இருக்கும் போனை வைத்து என்ன செய்யலாம்?

1. மனுவை உரிய வழியில், சரியான அதிகாரிக்கு எழுதுங்கள். ஒரு மனுவில் ஒரு கோரிக்கை போதும். எந்த விதி அல்லது அரசாணைப்படி கேட்கிறீர்கள் என்று குறிப்பிடுங்கள்.

2. நேரில் கொடுத்தால் தபால் பிரிவில் நகலில் தேதி முத்திரை வாங்குங்கள். அங்கேயே நின்று போட்டோ எடுத்துவிடுங்கள். ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பினால், டெலிவரி ஆன விவரத்தை ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். பல மாதம் கழித்துத் தேடினால் அது இணையத்தில் கிடைக்காமல் போகலாம்.

3. எல்லாவற்றையும் ஒரே ஃபோல்டரில், தேதியைப் பெயராக வைத்துச் சேமியுங்கள். வாட்ஸ்அப்பில் மட்டும் வைத்திருந்தால் போன் மாறும்போது போய்விடும்.

4. பதில் இல்லையா? தகவல் பெறும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தில், "என் மனு மீது எடுக்கப்பட்ட நடவடிக்கை என்ன, கோப்புக் குறிப்புகளின் நகல் தருக" என்று கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். தமிழ்நாடு அரசின் ஆர்.டி.ஐ. இணையதளத்திலும் விண்ணப்பிக்கலாம்.

5. உத்தரவு கைக்கு வந்த நாளை உறையின் மேலேயே எழுதி வையுங்கள். மேல்முறையீட்டுக் காலத்தை எண்ணும்போது அந்தத் தேதி முக்கியம். முடிகிற தேதிக்கு போனில் அலாரம் வையுங்கள்.

6. வழக்குப் போட்டிருந்தால் இ-கோர்ட்ஸ் செயலியில் வழக்கு எண்ணோ 16 இலக்க சி.என்.ஆர். எண்ணோ போட்டு அடுத்த விசாரணைத் தேதியை நீங்களே பார்க்கலாம்.

7. வழக்கறிஞர் வைக்க வசதி இல்லையென்றால் 15100 என்ற சட்ட உதவி எண்ணை அழையுங்கள். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானத்தைப் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு.

மனுவைக் கையில் வாங்கும் இடத்தில் நீங்கள் இருந்தால்

இந்த மின்னிதழைப் படிப்பவர்களில் அலுவலகக் கண்காணிப்பாளர்களும் பிரிவு அலுவலர்களும் இருப்பீர்கள். ஒரு பணியாளரின் மனுவுக்குக் காரணத்தோடு பத்து வரியில் பதில் எழுத அரை மணி நேரம் போதும். எழுதாமல் விட்டால் அதே கோப்புக்கு வாரியான பத்திகளுடன் பதில் மனு, அரசு வழக்கறிஞர் அலுவலகம், சென்னைப் பயணம் என்று எத்தனை நாள் போகிறது என்பது உங்களுக்கே தெரியும். "முடியாது" என்ற பதிலாக இருந்தாலும், ஏன் முடியாது என்று தெரிந்தால் பலர் நீதிமன்றத்துக்கே போக மாட்டார்கள்.

பெரியப்பாவுக்கு என்ன ஆனது?

வழக்கு அவர் பக்கம்தான் முடிந்தது. விடுபட்ட ஊதிய உயர்வைச் சேர்த்து ஓய்வூதியம் திருத்தப்பட்டது. ஆனால் நிலுவை மூன்று ஆண்டுக்குத்தான் வந்தது. மீதி ஆறு ஆண்டுப் பணம் போனது போனதுதான். "ஏழெட்டு மனு கொடுத்தேன்" என்று அவர் சொன்னதற்குக் கையில் ஆதாரம் எதுவும் இல்லை. இருந்திருந்தாலும், வெறும் மனுக்களால் காலம் நின்றிருக்காது. முதல் மனுவுக்குப் பதில் வராதபோதே அடுத்த படிக்குப் போயிருக்க வேண்டும்.

போன மாதம் பெரியம்மாவின் ரேஷன் கார்டு திருத்தத்துக்கு ஒரு மனு கொடுக்க இருவரும் தாலுகா அலுவலகம் போயிருக்கிறார்கள். அன்று மாலை பெரியப்பாவின் எண்ணிலிருந்து எனக்கு ஒரு போட்டோ வந்தது. கொஞ்சம் கோணலாக, விரல் பாதி மறைத்தபடி எடுத்திருந்தார். ஆனால் மனுவின் ஓரத்தில் இருந்த சீலும் தேதியும் தெளிவாகத் தெரிந்தன.